கை நனைத்த அன்று

நாற்றத்தைப் படம் பிடிக்க முடியாது. சிவசக்திக்கு இரண்டு வருடமாக இதுதான் சண்டை. புகையைப் பிடிக்கலாம், செத்து மிதக்கும் மீனைப் பிடிக்கலாம், பட்டுப்போன தென்னையைக் கீழிருந்து மேலே மெதுவாகக் காட்டலாம். ஆனால் கடலூருக்குத் தெற்கே, சாயத் தொழிற்சாலையின் மதிலுக்குப் பின்னால் கிடக்கும் பூவங்காட்டில் பம்பை அடித்தால் வருகிற தண்ணீருக்கு ஒரு நாற்றம் இருந்தது. அழுகிய முட்டையும் நகப்பாலீஷும் கலந்த மாதிரி. அது எந்த லென்ஸுக்கும் அகப்படவில்லை.

கடைசியில் ஞானாம்பாளிடம்தான் அகப்பட்டது. மேட்டுத் தெருவில் கால் காணி நிலமும் ஒரு பசுமாடும் கல்யாண வயதில் ஒரு மகளுமாக இருக்கிற விதவை அவள். ஊரில் மற்றவர்கள் கேமராவைக் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள். அவரவர் பிள்ளைகள் அந்தத் தொழிற்சாலையில்தான் கான்ட்ராக்ட் கூலியாகப் போய்க்கொண்டிருந்தார்கள். ஞானாம்பாள் மட்டும் வீட்டுப் பின்புறத்துப் பம்பை அடித்து, உள்ளங்கையில் தண்ணீரைப் பிடித்து மூக்கருகே கொண்டுபோனாள். முகம் சுளிக்கவில்லை. பழகிப்போன முகத்தோடு அந்தக் கையை அப்படியே கேமராவை நோக்கி நீட்டினாள்.

"நீயே மோந்து பாரு. என்னை ஏன் கேக்குற?" என்றாள்.

படம் பார்ப்பவன் தன்னை அறியாமல் தலையைப் பின்னால் இழுத்துக்கொள்வான். சிவசக்தி அதைப் போட்டுப் பார்க்கும் ஒவ்வொரு தடவையும் தானும் இழுத்துக்கொண்டாள். படமே அந்தக் கைதான். மற்றதெல்லாம் கைக்கு முன்னால், கைக்குப் பின்னால்.

சிவசக்தி சிதம்பரம் தெற்கு வீதிக்காரி. அவள் எடுக்கிற படங்களுக்குப் பணம் போட ஆள் கிடையாது. அவளே தயாரிப்பாளர், அவளே இயக்குநர், பஸ்ஸில் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நிற்பவளும் அவளே. கிள்ளைப் பக்கத்து இறால் குட்டைகளைப் பற்றி முன்பு ஒரு படம் எடுத்தாள். அதைப் பார்த்தவர்கள் எல்லோரும் பாராட்டினார்கள், பார்த்தவர்கள்தான் குறைவு. மகள் என்ன செய்கிறாள் என்று யாராவது விசாரித்தால் அப்பா கனகசபேசன், "டிவியில வேலை" என்று சொல்லிப் பேச்சை முடித்துவிடுவார். பெண்ணுக்கு முப்பத்து மூன்று வயதாகியும் கல்யாணமாகவில்லை என்பதற்கு மட்டும் அவரிடம் அப்படி ஒரு சுருக்கமான பதில் இல்லை.

சோறு போட்டது நர்த்தனா வீடியோ. மேல வீதியில் சூர்யநாராயணன் நடத்துகிற கடை. கல்யாணம், காதுகுத்து, சஷ்டியப்த பூர்த்தி என்று முகூர்த்த நாளெல்லாம் அவருக்காகக் கேமரா பிடித்தாள். கணினியில் உட்கார்ந்து வெட்டி ஒட்டிக் கொடுப்பதும் அவள்தான். சூர்யநாராயணன் ஒரு கேசட்டை மூன்று கல்யாணத்துக்கு ஓட்டுகிற மனிதர். சிடியைப் பார்ட்டி கையில் கொடுத்ததும் கேசட்டையும் கணினியையும் துடைத்துவிட்டு அடுத்த முகூர்த்தத்துக்குத் தயார் செய்வது கடையின் சட்டம். அதில் சிவசக்திக்கு ஒரு வருத்தமும் இருந்ததில்லை. ஊரான் வீட்டு அட்சதையைச் சேர்த்துவைத்து என்ன செய்ய?

பூவங்காட்டுத் தொழிற்சாலையை இரண்டு மடங்காக்கப் போகிறார்கள் என்ற பேச்சு 2010 தை மாதத்திலேயே வந்துவிட்டது. அதற்கு முன்னால் ஊர் மக்களைக் கூப்பிட்டுக் கருத்துக் கேட்டாக வேண்டும். அந்தக் கூட்டத்தில் அதிகாரிகள் முன்னால் தன் படத்தைப் போட்டுக் காட்டிவிட வேண்டும் என்பதுதான் சிவசக்தியின் திட்டம். அந்த ஒரு கூட்டத்துக்காகத்தான் இரண்டு வருடமாக அந்த ஊருக்கு நடையாய் நடந்திருந்தாள்.

சித்திரையில் ஒருநாள் ஞானாம்பாள் தெற்கு வீதி வீட்டுக்கு வந்து நின்றாள். கொடுத்த தண்ணீரை ஒரே மூச்சில் குடித்துவிட்டு இன்னொரு சொம்பு கேட்டு வாங்கிக் குடித்தாள்.

"சத்தி, ஒண்ணு கேப்பேன். கோவிச்சுக்கக் கூடாது."

"சொல்லுங்கக்கா."

"படத்துலேருந்து என்னை எடுத்துடு."

ஞானாம்பாள் குனிந்துகொண்டு பேசினாள். "கனிமொழிக்கு எடம் வந்திருக்கு. மங்கலம்பேட்டை. பையன் பேரு கொளஞ்சி, இங்கதான் சிதம்பரத்துல டிராக்டர் கம்பெனில வேலை பாக்குறான். நல்ல பையன். இதுக்கு முன்ன வந்த ரெண்டு எடமும் எப்படிப் போச்சுன்னு ஒனக்குத் தெரியும்ல?"

தெரியும். அந்தப் பக்கத்தில் ஒரு வழக்கம் உண்டு. சம்பந்தம் முடிவாகும்வரை மாப்பிள்ளை வீட்டார் பெண் வீட்டில் சாப்பிட மாட்டார்கள். முடிவாகிவிட்டால் ஒரு வாயாவது சாப்பிடாமல் எழுந்திருக்க மாட்டார்கள். அதற்குக் கை நனைப்பது என்று பெயர். தட்டு மாற்றியதைக்கூட மறுபடி பேசலாம். கை நனைத்துவிட்டு மாறினவனுக்கு அதன்பிறகு எந்த ஊரிலும் பெண் கொடுக்க மாட்டார்கள். பொய் சொல்லி நனைக்கவைத்தது தெரிந்தால் மட்டும் அந்தக் கட்டு செல்லாது. கனிமொழிக்கு முதலில் வந்தவர்கள் எல்லாம் பேசி முடித்துவிட்டு, இலை போட்டபிறகு, கை கழுவப் பின்பக்கம் போனார்கள். திரும்பி வந்து, "பஸ்ஸுக்கு நேரமாயிடுச்சு" என்றார்கள். இரண்டாவதாக வந்தவர்களுக்கு அந்த நாகரிகமும் இல்லை. கையை உதறிக்கொண்டே வாசல்வழியாகப் போய்விட்டார்கள். போட்ட இலையில் சோறு ஆறிக்கொண்டிருந்ததையும் கனிமொழி அதை எடுத்துக்கொண்டுபோய் மாட்டுத் தொட்டியில் கொட்டினதையும் ஞானாம்பாள் முன்பே ஒரு தடவை சொல்லி அழுதிருக்கிறாள்.

"மேட்டுத் தெருவுக்கு அந்தத் தண்ணி எட்டலன்னு சொல்லி வெச்சிருக்கேன்," என்றாள் இப்போது. "நான் பொய் சொன்னேன்தான். பெத்தவ வேற என்னா பண்ணுவா? ஒன் படத்துல நானே நின்னுகிட்டு மோந்து பாருன்னு நீட்டிகிட்டிருந்தா அவுங்க என்னா நெனைப்பாங்க?"

"அக்கா, நீங்க இல்லன்னா படத்துல ஒண்ணுமே இல்லக்கா."

"எனக்குத் தெரியாதா? நான் ஒரேடியா எடுக்கச் சொல்லல. தாலி ஏறட்டும். அப்புறம் ஊரு ஊராப் போட்டுக் காட்டு. நானே வந்து மைக் புடிச்சுப் பேசறேன். அதுவரைக்கும் யாருக்கும் காட்டாத. என் தலை மேல சத்தியம் பண்ணு."

சிவசக்தி சத்தியம் பண்ணினாள். கூட்டத்துக்குத் தேதி குறிக்கவில்லை. அரசாங்கக் காரியம், ஐப்பசி கார்த்திகைக்கு முன்னால் நடக்காது என்று அவளாகவே ஒரு கணக்குப் போட்டுக்கொண்டாள்.

ஆனியில் நிச்சயதாம்பூலம். முந்தின நாள் சூர்யநாராயணன் சிவசக்தியிடம் சொன்ன விலாசம் பூவங்காடு மேட்டுத் தெரு, ஞானாம்பாள் வீடு. பையன் சிதம்பரத்தில் வேலை பார்ப்பதால் அவனுடைய தாய்மாமன் சடையப்பன் சிதம்பரத்துக் கடையிலேயே வீடியோவுக்குச் சொல்லியிருந்தார். இந்தச் சடையப்பன்தான் பூவங்காட்டுத் தொழிற்சாலைக்குக் கூலி ஆள் அனுப்பும் கான்ட்ராக்டர். இந்த வரனைக் கொண்டுவந்ததும் அவர்தான். சிவசக்தி ஞானாம்பாளுக்குப் போன் போட்டாள். "வா. நீ யாரோ நாங்க யாரோ. தெருவுல எல்லாருகிட்டயும் சொல்லிடறேன்," என்றாள் ஞானாம்பாள்.

சொல்லித்தான் இருந்தாள். இரண்டு வருடமாக "படக்காரம்மா" என்று கூப்பிட்டுக்கொண்டு பின்னால் ஓடிவந்த பிள்ளைகள் எல்லாம் அன்றைக்கு அவளைப் புதுப் பூச்சாண்டியைப் பார்க்கிற மாதிரி பார்த்தார்கள். எதிர்வீட்டு தில்லையம்மாள், "யாரும்மா நீ, சிதம்பரமா?" என்று தேவைக்கு மேலேயே நடித்தாள். நாய் ஒன்றுக்கு மட்டும் யாரும் சொல்லவில்லை. இரண்டு வருடமாக அவள் கையால் பொறை தின்ற நாய் அது. வாலை ஆட்டிக்கொண்டு காலையே சுற்றிச் சுற்றி வந்தது. அதை விரட்டிவிட்டு மறுபடி கேமராவைத் தூக்குவதற்குள் சிவசக்திக்கு அழுகை வந்துவிட்டது.

ஞானாம்பாள் வீட்டில் சாம்பிராணி போட்டுப் போட்டுக் கண் எரிந்தது. வடலூரிலிருந்து வந்த கேன் தண்ணீரை முன்பக்கத்தில் ஒரு பித்தளை அண்டாவில் ஊற்றி, மேலே ரோஜா இதழைத் தூவி வைத்திருந்தார்கள். காலிக் கேன்கள் வைக்கோலுக்குள் ஒளிந்திருந்தன. பின்பக்கத்துப் பம்பின் தலையில் சாக்கைப் போர்த்திக் கைப்பிடியைக் கயிற்றால் கட்டியிருந்தது. சிவசக்தி அண்டாவை எடுத்தாள், மாக்கோலத்தை எடுத்தாள், வேப்பமரத்தை எடுத்தாள். மதிலையும் புகைக்கூண்டையும் ஓரமாக ஒதுக்கி ஒதுக்கி எடுத்தாள். இரண்டு வருடமாக எவையெல்லாம் தெரிய வேண்டும் என்று மெனக்கெட்டாளோ அவையெல்லாம் தெரியாமல் இருக்க மெனக்கெட்டாள். கைக்குப் பழகிய வேலை, சுலபமாகவே வந்தது.

தட்டு வரிசை வரும்போது மட்டும் ஒரு சங்கடம். தெருமுனைப் பம்பில் பக்கத்துத் தெரு கிழவி ஒருத்தி, யாரும் அவளிடம் சொல்லாததால், நிம்மதியாகக் குடம் பிடித்துக்கொண்டிருந்தாள். வரிசைக்குப் பின்னால் மஞ்சளாகத் தண்ணீர் கொட்டியது கேமராவில் அப்படியே விழுந்தது.

தட்டு மாற்றி முடிந்தது. இலை போட்டார்கள். எல்லோரும் அண்டாவில் மொண்டு கை கழுவினார்கள், சடையப்பன் உட்பட. மாப்பிள்ளையின் அம்மா ராஜாமணி மட்டும் கூடத்தில் இல்லை. கட்டுமஸ்தான பெண்பிள்ளை, அந்த வீட்டில் அவள் சொல்லுக்கு மறுசொல் கிடையாது. மாப்பிள்ளையின் அம்மா எங்கே போனாலும் பின்னாலேயே போக வேண்டும் என்பது வீடியோக்காரர்களின் பாலபாடம். தான் இல்லாத சிடியை அவள் திருப்பியனுப்பிவிடுவாள். சிவசக்தி கேமராவோடு தேடிக்கொண்டு பின்பக்கம் போனாள்.

ராஜாமணி சாக்கை எடுத்துக் கீழே போட்டிருந்தாள். கயிற்றையும் அவிழ்த்துவிட்டாள். ஒரு கையால் பம்பை அடித்து மறுகையை நீட்டினாள். மஞ்சள் தண்ணீர் கொட்டியது. சிவசக்தி பின்னாலேயே நின்றாள். கேமரா ஓடிக்கொண்டே இருந்தது. தெரிந்ததெல்லாம் ராஜாமணியின் முதுகு. முழங்கை மடங்கி மேலே போயிற்று. பிறகு முந்தானையும் முகத்தருகே போயிற்று. முகத்தைத் துடைக்கிறாள் போல.

ராஜாமணி திரும்பினாள். நேராகக் கேமராவைப் பார்த்தாள்.

"என்னாம்மா, இதையும் எடுத்தியா?"

"எடுத்தேம்மா."

"எடு, எடு," என்று சொல்லிக்கொண்டே உள்ளே போனாள்.

உள்ளே ஞானாம்பாள் சாம்பார் வாளியோடு நின்றிருந்தாள். பம்பு அடிக்கிற சத்தம் அவளுக்குக் கேட்டிருக்கிறது. முகத்தில் உயிர் இல்லை. ராஜாமணி நேராக வந்து இலைமுன் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். "போடுங்க, ஏன் நிக்குறீங்க?" என்றாள். சாப்பிட்டாள். பேருக்கு ஒரு வாய் இல்லை. முழுச் சாப்பாடு. பாயசத்தை இரண்டாம் தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள்.

கூட்டம் வேன் ஏறப் போனபோது ஞானாம்பாள் சிவசக்தியை மாட்டுக் கொட்டகைக்கு இழுத்துக்கொண்டு போனாள். "நீ பின்னாலயே போனல்ல? மோந்தாங்களா?"

"முதுகுதாங்கா தெரிஞ்சுது. மூஞ்சியத் தொடச்சாங்க."

"நல்லாப் பாத்தியா?"

"தெரிஞ்சிருந்தா உக்காந்து சாப்புட்டிருப்பாங்களா? மாட்டாங்கல்ல?"

"மாட்டாங்க," என்றாள் ஞானாம்பாள். "சாம்பிராணிப் பொகையில மூக்கு அடைச்சிருக்கும்." அவளாகவே தலையை ஆட்டிக்கொண்டாள். இரண்டு பேரும் அப்படியே முடிவு செய்தார்கள். பார்ப்பதையே பிழைப்பாக வைத்திருக்கிறவள், பார்த்ததைப் பார்க்கவில்லை என்று அன்றைக்குத் தன்னையே நம்பவைத்துக்கொண்டாள்.

கணினியில் உட்கார்ந்தபோது முதலில் வெட்டியது அந்தப் பம்படித் துண்டைத்தான். மறுபடி ஓட்டிக்கூடப் பார்க்கவில்லை. பிறகு தட்டு வரிசை. அதை வெட்ட முடியாது, மாப்பிள்ளை வீட்டு வரிசையில் ஒரு தட்டு குறைந்தாலும் சண்டைக்கு வருவார்கள். கிழவியின் குடத்தில் விழுகிற தண்ணீரை மட்டும் தனியாகப் பிடித்து மஞ்சளை இறக்கினாள், கொஞ்சம் நீலம் ஏற்றினாள். தண்ணீர் பளிங்காக ஆகிவிட்டது. பின்னால் வந்து நின்ற சூர்யநாராயணன், "ஊரே குத்தாலம் மாதிரி இருக்கு!" என்றார். கடைசியில் அவர் வழக்கப்படி 'ஒளிப்பதிவு, படத்தொகுப்பு: சிவசக்தி' என்று எழுத்தும் போட்டார். சிடி போயிற்று. கேசட் துடைக்கப்பட்டு அடுத்த முகூர்த்தத்துக்குப் போயிற்று.

கருத்துக் கேட்புக் கூட்டத்துக்குத் தேதி வந்தது. ஆவணிக் கல்யாணத்துக்கு முந்தின வாரம். அரசாங்கம் சிவசக்தியின் கணக்கைக் கேட்டுக்கொண்டு நடக்கவில்லை. அவள் போனில் ஞானாம்பாளிடம் கெஞ்சினாள். "அக்கா, ஒங்க மூஞ்சியைக் கலைச்சுடறேன். கை மட்டும் தெரியற மாதிரி வெக்கிறேன்."

"என் கையை எனக்குத் தெரியாதா? வளையலைப் பாத்தா ஊருக்கே தெரியும். ஒரு வாரம் தள்ளி வெக்கச் சொல்லு, காட்டு."

"அது என் கையில இல்லக்கா."

"அப்ப என் பொண்ணு வாழ்க்கை மட்டும் ஒன் கையில இருக்கு. பாத்துக்க."

ஞானாம்பாள் இல்லாத படத்தைப் போட சிவசக்திக்கு மனம் வரவில்லை. வாயால் பேசிவிடுவது என்று போனாள். கடலூரில் ஒரு கல்யாண மண்டபத்தில் கூட்டம். மேடையில் அதிகாரிகள், பக்கத்தில் மடிக்கணினியோடு கம்பெனி ஆட்கள். சடையப்பன் பூவங்காட்டு ஜனத்தை வேனில் அள்ளிக்கொண்டு வந்திருந்தார். சம்பந்தியம்மாள் என்பதால் ஞானாம்பாளைத் தன் பக்கத்திலேயே, மூன்றாம் வரிசையில் உட்காரவைத்திருந்தார். அந்த மரியாதையிலிருந்து எழுந்து ஓட முடியாமல் அவள் ஒடுங்கிக்கொண்டு இருந்தாள்.

சிவசக்தி மைக்கில் பேசினாள். பூவங்காட்டுத் தண்ணீரைப் பற்றி, பட்டுப்போன தென்னைகளைப் பற்றி, பிள்ளைகளின் தோல் அரிப்பைப் பற்றிப் பேசினாள். மேட்டுத் தெருவின் பெயரை மட்டும் எடுக்கவில்லை. ஊர்க்காரர்கள் யாரும் வாயைத் திறக்கவில்லை. கேமரா இல்லாமல் வெறும் வாயோடு நிற்பது அவளுக்குப் பழக்கமில்லை. அதிகாரி பொறுமையாகக் கேட்டுக்கொண்டார்.

பிறகு கம்பெனியில் ஒருவர் எழுந்தார். "சார், இந்த அம்மா சொல்ற அதே ஊர்ல போன மாசம் நடந்த ஒரு விசேஷம். நாங்க எடுத்தது இல்ல. நீங்களே பாருங்க," என்றார். திரையில் நாதஸ்வரம் முழங்கியது. மாக்கோலம், வேப்பமரம், தட்டு வரிசை. வரிசைக்குப் பின்னால் கிழவியின் குடத்தில் பளிங்காகத் தண்ணீர் கொட்டியது. ரோஜா இதழ் மிதக்கிற அண்டாவில் எல்லோரும் சிரித்துக்கொண்டே கை கழுவினார்கள். சடையப்பன் வரிசையில் நிமிர்ந்து உட்கார்ந்தார். சிடியைக் கொடுத்தது அவர்தான், அவரும் நன்றாக விழுந்திருந்தார். கடைசியில் எழுத்து வந்தது. ஒளிப்பதிவு, படத்தொகுப்பு: சிவசக்தி.

மண்டபத்தில் சிரிப்பு எழுந்தது. அதிகாரி கையைத் தூக்கி அமர்த்தினார்.

"இது நீங்க எடுத்ததாம்மா?"

"ஆமா சார்."

"இதுல தண்ணியோட நெறத்தை, வேற எதையாவது, மாத்தியிருக்கீங்களா?"

ஒரே ஒரு வார்த்தை. ஆமாம் என்று சொன்னால் இரண்டு வருட உழைப்பும் அந்த இடத்திலேயே பிழைத்துக்கொள்ளும். வைக்கோலுக்குள் கிடந்த கேன்களைச் சொல்லலாம், சாக்கு போர்த்திய பம்பைச் சொல்லலாம். சிவசக்தி மூன்றாம் வரிசையைப் பார்த்தாள். ஞானாம்பாள் முந்தானை நுனியைப் பல்லில் கடித்துக்கொண்டு அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். தலையை ஆட்டவில்லை, கண்ணைக்கூடச் சிமிட்டவில்லை. பக்கத்தில் சடையப்பன் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அந்த மண்டபத்துக்கு எத்தனையோ கதவுகள் இருந்தன. சிவசக்திக்கு ஒன்றுகூட இல்லை.

"இல்ல சார்," என்றாள்.

"மாத்தலன்னு பதிவு பண்ணிக்கங்க," என்று அதிகாரி பக்கத்தில் இருந்தவரிடம் சொல்லிவிட்டு அடுத்த பெயரைக் கூப்பிட்டார்.

கல்யாணம் நடந்தது. தாலி ஏறியது. அதையும் சிவசக்திதான் எடுத்தாள். இனி படத்தை ஊர் ஊராகக் காட்டலாம், சத்தியம் தீர்ந்துபோயிற்று. காட்டினால் யார் நம்புவது? அதே ஊரின் பளிங்குத் தண்ணீரில் எதையும் மாற்றவில்லை என்று அவள் வாயாலேயே சொன்னது பதிவேட்டில் இருந்தது. அவளுடைய படத்தைப் பொய்யாக்குவதற்கு அவளையே சாட்சியாக நிறுத்திவிட்டார்கள். விரிவாக்கத்துக்கு அனுமதி கிடைத்தது. ஐப்பசியில் மதிலை இடித்துத் தள்ளி வைத்துக் கட்டத் தொடங்கினார்கள். ஞானாம்பாளின் கால் காணிக்கு நேர்பின்னால் இப்போது புது மதில்.

கல்யாண சிடியையும் ஆல்பத்தையும் கொடுக்க அவள் மங்கலம்பேட்டைக்குப் போனது தீபாவளிக்கு அப்புறம். வீட்டில் ராஜாமணி மட்டும் இருந்தாள். மகனும் மருமகளும் கொளஞ்சியப்பர் கோயிலுக்குப் போயிருந்தார்கள். ராஜாமணி ஆல்பத்தை மடியில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு பக்கமாகத் திருப்பினாள். மருமகளைப் பார்த்த இடங்களில் விரலால் தடவினாள். முடித்துவிட்டு நிமிர்ந்தாள்.

"எல்லாம் நல்லாருக்கு கண்ணு. ஆனா ஒண்ணு கேக்கணும்னு அப்போலேருந்து இருக்கேன். நிச்சயத்தன்னிக்கு நான் பம்புல கை கழுவுனேனே, நீகூடப் பின்னால நின்னு எடுத்தியே. சிடியில அது இல்லியே?"

சிவசக்தி ஆல்பத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "வந்து... சரியா விழலம்மா. முதுகுதான் தெரிஞ்சுது."

"முதுகு தெரிஞ்சா தெரியட்டுமே. அதை ஏன் வெட்டுன? அதுக்குத்தானே நான் அந்தப் பக்கம் போனதே."

"எதுக்கும்மா?"

ராஜாமணி ஆல்பத்தை மூடினாள். "பூவங்காட்டுத் தண்ணி எப்படின்னு எங்களுக்குத் தெரியாதா? கடலூரு பஸ்ஸுல அந்தப் பக்கம் போனா மூக்கைப் பொத்திகிட்டுதானே போறோம். மேட்டுத் தெருவுக்கு மட்டும் காவேரியா ஓடுது? எல்லாம் தெரிஞ்சுதான் பொண்ணு கேட்டோம். எம் புள்ளைக்குப் புடிச்சிருந்துது, எனக்கும் புடிச்சிருந்துது. தண்ணி கெட்டுப்போனதுக்குப் பொண்ணு என்னா பண்ணுவா?"

"அப்ப அன்னிக்கு..."

"அன்னிக்கு அந்தம்மா மூஞ்சியப் பாத்தல்ல? செத்துப் பொழைச்ச மாரி நிக்குறாங்க. ஊடு முச்சூடும் சாம்பிராணி. அண்டாவுல ரோசாப்பூவு. ரெண்டு எடம் கை கழுவப் போயிட்டுத் திரும்பிப் போயிட்டாங்கன்னு ஏற்கெனவே கேள்விப்பட்டிருந்தேன். சரி, நாமளே போயி அந்தப் பம்புலயே கழுவிட்டு வந்து உக்காந்து சாப்புடுவோம், அவுங்க பயம் போயிடும்னு நெனைச்சேன். கழுவுனேன், மோந்து பாத்தேன். அப்பப்பா! முந்தானையால மூக்கைத் தொடச்சுகிட்டேன். நல்லவேளை, நீயும் கேமராவோட நின்ன. வாயால சொன்னா அவுங்களுக்குக் கூச்சமா இருக்கும், சிடியப் போட்டுப் பாக்கும்போது தானே தெரிஞ்சுக்குவாங்கன்னு விட்டுட்டேன்." அவள் பெருமூச்சு விட்டாள். "சடையப்பன் அந்த சிடியைக் கொண்டுபோயி எங்கயோ காட்டிட்டு வந்தானாம். நான் மோந்து பாக்குறது இருந்திருந்தா காட்டியிருப்பானா அந்தக் கூறுகெட்டவன்?"

சிவசக்திக்குப் பம்படி கண்ணுக்குள் ஓடியது. முழங்கை மடங்கி மேலே போகிறது. உள்ளங்கை மூக்கருகே. அவள் இரண்டு வருடம் தேடி ஞானாம்பாளிடம் கண்டெடுத்த அதே கை. யாரும் கேட்காமல், யாரும் ஏற்பாடு செய்யாமல், மாப்பிள்ளை வீட்டுக்காரி ஒருத்தி அவள் கேமரா முன்னால் வந்து நின்று அதையே செய்திருக்கிறாள். 'எடு, எடு' என்றும் சொல்லிவிட்டுப் போயிருக்கிறாள். ஒரு தடவை, ஒரே ஒரு தடவை அதை ஓட்டிப் பார்த்திருந்தால் போதும்.

"அந்தத் துண்டு இருக்குமா கண்ணு?"

"இல்லம்மா. கேசட்டை அழிச்சாச்சு."

"போவுது விடு. நீ ஒண்ணு பண்ணு. சம்பந்தியம்மா இன்னும் இங்க வந்தா கூசிகிட்டே நிக்குறாங்க. நான் சொன்னா நல்லாருக்காது. எல்லாம் தெரிஞ்சுதான் சாப்புட்டாங்கன்னு நீயே பதமா சொல்லிடு. பாவம், நிம்மதியா இருக்கட்டும்."

சொல்கிறேன் என்று தலையாட்டிவிட்டு வெளியே வந்தாள். பஸ் நிறுத்தத்தில் வெயில் சுள்ளென்று அடித்தது. எப்படிச் சொல்வது என்று யோசித்தாள். அக்கா, அவர்களுக்கு முன்பே தெரியும். அப்படியானால் அந்தக் கூட்டத்தில் நாம் வாயை மூடிக்கொண்டிருந்தது எதற்கு? உங்கள் கொல்லைக்குப் பின்னால் எழும்புகிற மதிலுக்கு நாம் இரண்டு பேரும்தான் கல் எடுத்துக் கொடுத்தோம் அக்கா. கேட்டால் அவள் என்ன ஆவாள்? சொல்லாவிட்டால் காலமெல்லாம் சம்பந்தி வீட்டு வாசலில் கூனிக் குறுகி நிற்பாள். எந்தப் பக்கம் திரும்பினாலும் ஞானாம்பாள்தான் நின்றாள்.

கைப்பையில் போன் அடித்தது. அவளேதான்.

"சத்தி, சிடி குடுத்துட்டியா? யாரு இருந்தாங்க?"

"குடுத்துட்டேங்கா. மாப்பிள்ளையோட அம்மா மட்டும் இருந்தாங்க."

"எதுனா கேட்டாங்களா? தண்ணியப் பத்தி எதுனா?" குரல் இறங்கியது. "அவுங்களுக்குத் தெரிஞ்சிருக்குமோன்னு எனக்கு இன்னும் பயமாத்தான் இருக்கு. அன்னிக்கு மட்டும் நீ கூட்டத்துல வாயத் தொறந்திருந்தேன்னா எம் பொண்ணு வாழ்க்கை என்னா ஆயிருக்கும்? அந்த நன்னியை நான் சாவுறவரைக்கும் மறக்க மாட்டேன். சொல்லு, கேட்டாங்களா?"

அவளுக்குப் பின்னால் புது மதிலுக்கு ஜல்லி கொட்டுகிற லாரிச் சத்தம் போனில் கேட்டது. சிவசக்தி கண்ணை மூடிக்கொண்டாள்.

"இல்லக்கா," என்றாள். "ஒண்ணும் கேக்கல. அவுங்களுக்கு எதுவும் தெரியாது."

"அப்பாடா!" என்றாள் ஞானாம்பாள்.